இடது கை, இரண்டு விரல்கள்

நாற்பது டிகிரி வெயிலில் ஒருத்தன் கழுத்துவரை ஜிப் போட்ட தடித்த ஜெர்க்கினோடு நின்று சுடச்சுட டீ குடித்தால் யாருக்குத்தான் சிரிப்பு வராது?

ரெனிதாவுக்கு வந்தது. அதுவும் கொஞ்சநஞ்சமாக இல்லை...

"நிவி, அங்க பாரேன்... எஸ்டேட்டுக்கு ஊட்டி வந்திருக்கு!"

பக்கத்தில் நின்ற நிவேதிதாவுக்குப் புரையேறிவிட்டது. நாலு மணிக்கு அம்பத்தூர் எஸ்டேட்டே கோதண்டம் டீக்கடையில்தான் நிற்கும். ரகசியம் பேச அதைவிட மோசமான இடம் கிடையாது. ஜெர்க்கின்காரன் திரும்பினான்.

ஐயோ... கேட்டுட்டான்.

பெரிய கண்கள். ஓரமெல்லாம் சிவந்திருந்தன. கோபம் என்று நினைத்தாள். குளிரிலிருந்து வெயிலுக்கு வந்தால் கண் அப்படித்தான் ஆகும் என்பதெல்லாம் அவளுக்கு அப்போது தெரியாது.

"இன்னா மேடம், சிரிப்பு பலமா கீது? ரெண்டு தெரு தள்ளி கோல்டு ஸ்டோரேஜ். உள்ள மைனஸ் இருபத்தஞ்சு. வந்து அஞ்சு நிமிசம் நின்னு பாருங்க. அப்பால சிரிங்க."

சாரி சொல்லத்தான் வாயைத் திறந்தாள். சத்தியமாக! ஆனால் பார்வை அதற்குள் டீ கிளாஸைப் பிடித்திருந்த அவன் இடது கைக்கு ஓடிவிட்டது. ஆள்காட்டி விரலின் நுனி இல்லை. நடுவிரலின் நுனி மெழுகு போல வெளுத்து மினுமினுத்தது.

"ஃப்ராஸ்ட்பைட்டா?" என்றாள்.

அவன் கிளாஸ் பாதி வழியில் நின்றது.

"மேல்தோல் மட்டுமா, உள்ள சதையும் செத்துப்போச்சா? எப்ப ஆச்சு? வலது கை நல்லாத்தானே இருக்கு?"

நிவேதிதா அவள் இடுப்பில் நறுக்கென்று கிள்ளினாள். முன்பின் தெரியாத ஆளிடம் கேட்கிற கேள்வியா இது?

நியாயமாக அவனுக்குக் கோபம் வந்திருக்க வேண்டும். வரவில்லை. மூன்று வருஷமாக அந்த விரலைப் பார்த்த அத்தனை பேரும், பஸ் கண்டக்டரிலிருந்து முடிவெட்டுகிறவர்வரை, "மிஷின்ல மாட்டிக்கிச்சா?" என்றுதான் கேட்டிருக்கிறார்கள். காயத்தை அதன் பேர் சொல்லிக் கேட்ட முதல் ஆள் இவள்தான்.

"நீங்க டாக்டரா மேடம்?"

"இல்ல... மெடிக்கல் கோடர்."

"அப்படின்னா?"

சொன்னாள். அமெரிக்காவில் யாருக்கோ விரல் உறைந்து போகும். அந்த ஊர் டாக்டர் எழுதியது அம்பத்தூருக்கு வரும். ரெனிதா அதைப் படித்து, இன்சூரன்ஸ் பில்லுக்காக நோய்க்கு ஒரு எண் போடுவாள். தோல் மட்டும் உறைந்திருந்தால் ஒரு எண், உள்சதை செத்திருந்தால் வேறு எண். வலதா இடதா, விரலா மூக்கா காதா, எதனால் வந்தது... எல்லாவற்றுக்கும் எண் உண்டு. பனிக்காலம் வந்தால் ஒரு நாளைக்குப் பத்து உறைந்த விரலையாவது பார்த்துவிடுவாள். பார்ப்பது என்றால் படிப்பது. நிஜமான ஒன்றை இன்றுதான் கண்ணால் பார்க்கிறாள். திருமுல்லைவாயிலில் பிறந்து வளர்ந்தவளுக்கு, மார்கழி விடியற்காலையில் ரயில்வே ஸ்டேஷன் சிமென்ட் பெஞ்ச்தான் உலகத்திலேயே சில்லென்ற பொருள்.

"இன்னைக்குக் கூட ஒரு சண்டை," என்று தானாகவே ஆரம்பித்தாள். நிவேதிதா தலையில் அடித்துக்கொண்டாள். "ஐஸ்கிரீம் குடோன்ல வேலை செய்ற ஆளு. ஜனவரி மாசம், அந்த ஊர்ல வெளியில அவ்ளோ பனி. காரணம் இயற்கைக் குளிர்னு போட்டேன். எங்க வேலையைச் சரிபார்க்கிற ஆடிட்டர் தப்புன்னு திருப்பிட்டாரு. ரெண்டு நாளா மெயில்ல அடிச்சுக்கிறோம்."

"குடோனுக்குள்ளதான வெரல் போச்சு?"

"ஆமா..."

"அப்ப வெளிய பனி பேஞ்சா இன்னா, மழ பேஞ்சா இன்னா? உள்ள ஃபேன் காத்துதான் மேடம் ஆளக் கடிக்கும். தப்பு உங்க மேலதான்."

அவளுக்குச் சுருக்கென்றது. ஃப்ரீசர் குளிருக்குத் தனி எண் இருப்பது அவளுக்கும் தெரியும். ஒத்துக்கொள்ளத்தான் மனசு வரவில்லை. ரெனிதாவிடம் இருக்கும் ஒரே கெட்ட குணம் அதுதான்... சரி, ஒரே என்று சொல்ல முடியாது, பெரிய கெட்ட குணம்.

"உங்க பேரென்ன?" என்றாள் வெடுக்கென்று.

"கிருபாகரன்."

"டீக்கு நன்றி கிருபாகரன்."

"டீ நான் வாங்கித் தரலியே?"

நிவேதிதாவை இழுத்துக்கொண்டு ஓடியே போனாள்.

அதற்கப்புறம் நாலு மணி என்பது ரெனிதாவுக்கு ஒரு வியாதி ஆகிவிட்டது. மூன்றரைக்கே கால் தரையில் நிற்காது. ஒரே நோயாளியின் சார்ட்டை மூன்று தடவை படிப்பாள், ஒன்றும் மண்டையில் ஏறாது. முடியை அவிழ்ப்பாள், கட்டுவாள், மறுபடி அவிழ்ப்பாள். நாலுக்கு அவன் வந்திருந்தால் படபடப்பு. வராவிட்டால் அதைவிடப் படபடப்பு. அந்த ஜூன் மாசமும் அவளைப் போலத்தான் இருந்தது. தினமும் பாடி மேம்பாலத்துப் பக்கம் வானம் கறுக்கும், காற்று புழுதியைச் சுழற்றும், இதோ இதோ என்று இருக்கும்... ஒரு சொட்டு விழாது.

அவனுக்குப் பட்டாபிராம். வீட்டில் அம்மா பொன்னியம்மா, ஒரு தங்கச்சி. தங்கச்சி ஏதோ கம்ப்யூட்டர் வேலைக்குச் சேரப் போகிறாள் என்று பெருமையாகச் சொல்வான். ஆவடி பஸ்ஸில் இரண்டு பேரும் ஒன்றாகப் போவார்கள். அவள் முன்னால், அவன் பின்னால். திருமுல்லைவாயிலில் இறங்கும்போது திரும்பிப் பார்க்கவே கூடாது என்று தினமும் முடிவு செய்வாள். தினமும் பார்ப்பாள்.

"குளிர்னா எப்படி இருக்கும் கிருபா?"

"மொதல்ல எரியும். அப்பால குத்தும். அப்பால ஒண்ணுமே இருக்காது. அந்த ஒண்ணுமே இல்லாததுதான் பேஜாரு. நல்லாத்தான் கீறோம்னு நெனச்சுக்குவோம்."

"உங்களுக்கு எப்படி ஆச்சு?"

"கையுறை கிழிஞ்சிருந்துச்சு," என்பான். எப்போது கேட்டாலும் அதே பதில்.

ஒரு வெள்ளிக்கிழமை. புழுக்கத்தில் டீக்கடை தகரமே வியர்த்தது. நிவேதிதா லீவு. ரெனிதா மறுபடி கேட்டாள், சும்மா பேச்சுக்கு.

அவன் கிளாஸைக் கீழே வைத்தான். "கையுறை கிழியல," என்றான். "நான்தான் கழட்டினேன். எனக்கு இடது கைப் பழக்கம். போன்ல டைப் பண்ணக் கழட்டினேன். கையெல்லாம் ஈரம். எதிர்ல ஃபேன்."

"உள்ள நின்னு போனா? யாருக்கு?"

"எனக்குப் பாத்திருந்த பொண்ணு. நிச்சயத்துக்கு ஒரு மாசம் இருந்துச்சு. 'சாப்ட்டியா'ன்னு போட்டேன். 'ம்'னு போட்டா. அதுக்கு மேல இன்னா போடறதுன்னு தெரில. எழுதறேன், அழிக்கிறேன், எழுதறேன், அழிக்கிறேன்... இருபது நிமிசம். வெரல் போனதே தெரில." சிரிக்கப் பார்த்தான், வரவில்லை. "அவங்க ஊட்ல வந்து கையப் பாத்தாங்க. வேணாம்னுட்டாங்க. அம்மாகிட்ட எப்படிச் சொல்றது... கையுறை கிழிஞ்சிடுச்சுன்னுட்டேன். மெய்யாலுமே இத யாருகிட்டயும் சொன்னதில்ல, ரெனிதா."

முதல் தடவையாக மேடம் போய் ரெனிதா வந்திருந்தது. அதைக் கவனித்து, அதிலேயே கிறங்கி, இரவெல்லாம் அதையே சொல்லிப் பார்த்துக்கொண்டு கிடந்தாள். அவன் சொன்ன மீதியை அந்த அளவுக்கு அவள் கவனித்திருக்கலாம்.

ஏனென்றால் திங்கட்கிழமை காலை ஆபீஸில் பயிற்சிக்குப் புது பேட்ச் வந்தது. முப்பது பேர். குளிர்க் காயங்கள் பாடத்தை ரெனிதா எடுக்க வேண்டும். புத்தகத்தில் இருக்கும் உதாரணமெல்லாம் தூக்கம் வரவழைக்கும். அவளிடம்தான் உயிருள்ள ஒரு கேஸ் இருக்கிறதே! நோயாளியின் அடையாளத்தை எடுத்துவிட்டால் பாடத்துக்குப் பயன்படுத்தலாம், அதுதான் அந்தத் தொழிலின் முறை. பேரை எடுத்தாள், ஊரை எடுத்தாள், தேதியை எடுத்தாள். ஸ்லைடு சுத்தமாக இருந்தது.

"ஆண். டீப் ஃப்ரீசரில் வேலை. இடது கை, இரண்டு விரல், சதை செத்திருக்கு. ஈரக் கையோட இருபது நிமிஷம் போன்ல மெசேஜ். இப்ப பாருங்க, கைல போன் வச்சிருந்ததுக்குக் கூடத் தனியா ஒரு எண் இருக்கு!"

வகுப்பு உற்சாகமாகிவிட்டது. "என்ன மெசேஜ் மேம்?" என்றான் ஒருத்தன்.

அங்கே அவள் நிறுத்தியிருக்கலாம். ஆனால் முப்பது முகமும் அவளையே பார்த்தன...

"'சாப்ட்டியா'ன்னு. அந்தப் பொண்ணு 'ம்'னு போட்டிருக்கு. அதுக்கு என்ன பதில் போடறதுன்னு இருபது நிமிஷம் யோசிச்சிருக்காரு!"

அறை அதிர்ந்தது. மேஜையைத் தட்டிச் சிரித்தார்கள். மூன்றாவது வரிசையில் ஒரே ஒரு பெண் சிரிக்கவில்லை. வகுப்பு முடிந்ததும் நேராக அவளிடம் வந்தாள். பெரிய கண்கள்.

"மேம், என் பேரு யுவராணி. அந்தக் கேஸ் இந்த ஊரா மேம்?"

"அதெல்லாம் சொல்லக்கூடாதும்மா. ரூல்."

"எங்கண்ணன் மேம் அது," என்றாள் யுவராணி. "எங்ககிட்ட கையுறை கிழிஞ்சிடுச்சுன்னுதான் சொன்னாரு."

மறுநாள் நாலு மணிக்கு அவன் வரவில்லை. ரெனிதா இரண்டு தெரு தாண்டி கோல்டு ஸ்டோரேஜ் கேட்டுக்கே போனாள். அவன் வெளியே வந்தான். முகத்தில் ஒன்றுமே இல்லை. அதுதான் பயமாக இருந்தது.

"பேர் சொல்லல கிருபா. ஊர் சொல்லல. பதினெட்டு அடையாளம் எடுக்கணும்னு ரூல், பதினெட்டையும் எடுத்தேன்!"

"எல்லாத்தையும் எடுத்துட்டே," என்றான் மெதுவாக. "நான் மட்டும் அப்படியே கீறேனே அதுல."

"நான் எந்த ரூலையும் மீறல."

மன்னிப்பு என்று ஒரு வார்த்தை தொண்டைவரை வந்தது, வந்த வழியே திரும்பிப் போனது. அந்த வார்த்தைக்காக அவன் ஒரு நிமிஷம் நின்றான் என்பது அவளுக்கு அப்புறம்தான் உறைத்தது.

"யுவா ஊட்ல வந்து எல்லாத்தையும் சொல்லிடுச்சு. மூணு வருசமா அம்மா இந்தக் கம்பெனிய ஏசிகினு கீது, பிஞ்ச கையுறை குடுத்துட்டாங்கன்னு. இப்ப எங்கிட்ட பேசவே மாட்டேங்குது. அத விடு... முப்பது பேரு சிரிச்சாங்களாமே. நீயும் சிரிச்சியா?"

சிரித்தாள். அன்று வகுப்பில் முதலில் சிரித்ததே அவள்தான். இப்போது கேட்டின் பூட்டையே பார்த்துக்கொண்டு நின்றாள்.

"சரி. போ," என்றான். கேட் மூடியது.

ஒன்பது நாள்... எண்ணிக்கொண்டே இருந்தாள். அவன் காலை ஷிஃப்டுக்கு மாறிவிட்டான். போன் செய்தால் எடுக்கவில்லை. ஆவடி பஸ்ஸில் பின்பக்கம் யார் யாரோ நின்றார்கள். நானாகப் போய்க் காலில் விழ வேண்டுமா என்று காலையில் கோபம் வரும். விழுந்தால்தான் என்ன என்று மத்தியானம் அழுகை வரும். வீட்டில் அம்மா ஞானகுமாரி, "ஏன்டி இப்படிக் கூண்டுல போட்ட எலி மாதிரி சுத்துற?" என்றாள். ஞாயிறு சர்ச்சில் எல்லாரும் உட்கார்ந்த பிறகும் இவள் மட்டும் நின்றுகொண்டிருந்தாள். வானமும் தினம் தினம் கறுத்துக் கறுத்து ஏமாற்றியது.

பத்தாம் நாள் கோதண்டம் டீயை நீட்டிக்கொண்டே சொன்னார்: "கிருபா தம்பி ஒண்ணாந்தேதி ஸ்ரீபெரும்புதூர் குடோனுக்குக் கெளம்புதாம்மா. மாத்தல் கேட்டு வாங்கிகினு போவுது."

ஒன்றாம் தேதிக்கு மூன்று நாள் இருந்தது. ரெனிதா டீயைக் குடிக்காமலே வைத்துவிட்டு வந்தாள்.

கேட்டு வாங்கிக்கொண்டு போகிறான். என்னைப் பார்க்காத இடத்துக்கு.

மறுநாள் காலை வகுப்பில் அவள் ஸ்லைடு எதுவும் போடவில்லை. யுவராணி மூன்றாவது வரிசையிலேயே இருந்தாள், குனிந்த தலையோடு.

"நோயாளியோட ரெக்கார்டுல தப்பா எழுதிட்டா என்ன செய்யணும்?" என்று கேட்டாள் ரெனிதா. "அழிக்கக்கூடாது. தப்பு அங்கேயேதான் இருக்கும். அதுக்குக் கீழ திருத்தம் எழுதி, எழுதினவங்க பேர் போடணும். அன்னைக்கு ஒரு ஃப்ரீசர் கேஸ் சொன்னேன் இல்லையா... அதுக்குத் திருத்தம் சொல்லணும்."

மேஜையைப் பிடித்துக்கொண்டாள்.

"அந்த மெசேஜ்ல என்ன எழுதியிருந்ததுன்னு சொன்னேன். அந்த எண்ணுக்கு அது தேவையே இல்ல. நீங்க சிரிக்கணும்னு சொன்னேன். அவர் என்னை நம்பி, வேற யாருக்கும் சொல்லாததைச் சொன்னாரு. அதை வித்து உங்ககிட்ட கைதட்டல் வாங்கிட்டேன். ரூல்படி தப்பில்லைன்னு அவர்கிட்ட வாதாடிட்டும் வந்தேன். தப்பு. என் தப்பு."

இதோடு நிறுத்தினால் போதும், கண்ணியமாக முடிந்துவிடும். ஆனால் அவனுடைய ரகசியம் இந்த அறையில்தானே கிழிந்தது? தன்னுடையதை மட்டும் பத்திரமாக வைத்துக்கொள்வதாவது?

"இன்னொண்ணு. அவரை எனக்குப் பிடிக்கும். ரொம்பப் பிடிக்கும். அவர்கிட்ட சொன்னதில்ல. அவருக்கு என்னைப் பிடிக்குமான்னும் தெரியாது, பிடிச்சிருந்தாலும் இப்ப மிச்சம் இருக்குமான்னு தெரியாது. யாருகிட்டயும் சொல்லாம வச்சிருந்தேன். இப்ப உங்க எல்லாருக்கும் தெரியும். சிரிக்கணும்னா சிரிங்க."

ஒருத்தரும் சிரிக்கவில்லை. யுவராணி மட்டும் தலையை நிமிர்த்திப் பார்த்தாள்... அவ்வளவுதான். வகுப்பு முடிந்ததும் பையை எடுத்துக்கொண்டு போய்விட்டாள்.

அன்று முழுக்க ரெனிதா வாசலைப் பார்த்தாள், போனைப் பார்த்தாள், வாசலைப் பார்த்தாள். நாலு மணிக்கு டீக்கடைக்கு ஓடினாள். இல்லை. ஐந்தரை ஆனது. எஸ்டேட் பஸ் ஸ்டாண்டுக்கு வந்து சேர்ந்தபோது, எத்தனையோ நாள் ஏமாற்றிய வானம் ஒரு எச்சரிக்கைகூடத் தராமல் கொட்டித் தீர்த்தது. ஜனம் மொத்தமும் ஸ்டாண்டுக் கூரைக்கடியில் பாய்ந்தது. அவளுக்குப் பாயத் தோன்றவில்லை.

"உள்ள வந்து நில்லு. ஜொரம் வந்து படுத்துக்கப் போற."

கிருபாகரன்! வெறும் சட்டையில், தொப்பலாக நனைந்து, மூச்சு வாங்க நின்றான். காலை ஷிஃப்ட் முடிந்து பட்டாபிராம் வீட்டுக்குப் போய்ச் சேர்ந்தவன் திரும்பி வந்திருக்கிறான்.

"யுவா போன் பண்ணுச்சு," என்றான். "முப்பது பேருகிட்ட சொல்லிகீற. எங்கிட்ட சொல்லல."

"நீங்கதான் போன் எடுக்கல!"

"இப்ப எடுத்துட்டேன்னு வச்சுக்க. சொல்லு."

மழைச் சத்தத்தில் கத்தித்தான் பேச வேண்டியிருந்தது. சுற்றி நின்ற எல்லாரும் கேட்டார்கள், கேட்டுவிட்டுப் போகட்டும்.

"மன்னிச்சிடுங்க கிருபா. நான் சிரிச்சேன். அன்னைக்கு நீங்க கேட்டப்ப வாய் வரல. இப்ப சொல்றேன், சிரிச்சேன். அதுக்காக இனிமே என்னைப் பிடிக்கலன்னா கூட சரி. எனக்கு உங்களைப் பிடிச்சிருக்கு."

மழை அவன் நெற்றியிலிருந்து வழிந்தது. அவன் துடைக்கவில்லை.

"அன்னைக்கு ஏன் உங்கிட்ட அத சொன்னேன் தெரியுமா?" என்றான் கடைசியில். "உன்ன எனக்குப் புடிச்சுப் போச்சு. பயம் வந்துடுச்சு. மொதல்ல வந்தவ வெரலப் பாத்துட்டுப் போய்ட்டா. நீயும் போறதா இருந்தா, நான் எவ்ளோ பெரிய முட்டாளுன்னு முழுசா தெரிஞ்சுகினு இப்பவே போயிடு, அப்பால போனா என்னால தாங்க முடியாதுன்னுதான்... எல்லாத்தையும் சொன்னேன்."

இவ்வளவு பெரிய விஷயத்தையா அவள் ஸ்லைடில் போட்டாள்? ஒரு அடி எடுத்து வைத்து அவன் இடது கையைப் பிடித்துக்கொண்டாள். அத்தனை கூட்டத்தில், ஐந்து விரலையும் சேர்த்து.

"அம்மா சண்டை போடுவாங்க, சர்ச்ல பேசுவாங்க, உங்கம்மா என்னை ஏசுவாங்க," என்றாள் அழுகையும் சிரிப்புமாக. "ஸ்ரீபெரும்புதூர் போறதுன்னா போங்க, பஸ் இருக்கு. நான் போகல, கிருபா. எல்லாம் தெரிஞ்சுதான் நிக்கிறேன்... எங்கேயும் போகல."

ஆவடி பஸ் வந்தது, நின்றது, கிளம்பியும் போனது. இரண்டு பேரும் ஏறவில்லை.